எட்டு மணிக்கு எதிரெதிரே

சந்தோஷந்தான் மேடம். சந்தோஷம் இல்லாம இருக்குமா. போன தடவை ரத்தத்துல கிருமி எக்கச்சக்கமா இருந்த எங்க வீட்டுக்காரருக்கு, இப்ப மூணே மாசத்துல தேடினாலும் கெடைக்காத அளவுக்கு இறங்கிடுச்சுன்னா சும்மாவா? டாக்டர் எழுந்திரிச்சு கை குடுத்தாரு. அவரு நாற்காலிய விட்டு எழுந்திரிச்சே நான் பாத்ததில்ல. என் மூஞ்சி எப்பவும் இப்படித்தாங்க, அதை வச்சு எதுவும் எழுதிடாதீங்க. பொறந்தப்பவே யாரோ திட்டின மாதிரிதான் இருந்தேன்னு எங்கம்மா சொல்லும்.

என் டெஸ்ட்டுக்கு ரத்தம் அடுத்த வாரம் குடுக்கறேன்னு அந்த லேப் பொண்ணுகிட்ட சொல்லிட்டேனே. அதுக்குள்ள உங்ககிட்ட வந்து சொல்லிடுச்சா? பயம்லாம் இல்ல. பதினோரு வருஷமா குடுக்குற ரத்தம், எந்தக் கையில நரம்பு நல்லா கெடைக்கும்னு அந்தப் பொண்ணுக்கு நான்தான் சொல்லிக் குடுத்தேன். இன்னைக்கு என்னமோ மனசு சரியில்ல, அவ்வளவுதான். அதைப் பத்தி அப்புறம் பேசலாம்.

அவரா? வெளியில பெஞ்சுல உக்காந்திருக்காரு. பக்கத்துல புதுசா ஒரு புருஷன் பொண்டாட்டி, முதல் நாள் போல இருக்கு, அந்தப் பொண்ணு கைக்குட்டையில மூஞ்சிய மூடிக்கிட்டு உக்காந்திருக்கு. இவரு இந்நேரம் ஆரம்பிச்சிருப்பாரு. ஒண்ணும் இல்லம்மா, ராத்திரி எட்டு மணிக்கு ஒரு மாத்திரை, அவ்வளவுதான் விஷயம், மத்தபடி நீ பாட்டுக்கு உன் வாழ்க்கையப் பாரு, பதினாலு வருஷம் ஆச்சு எனக்கு, கல்லு மாதிரி இருக்கேன் பாருன்னு. அழகா பேசுவாரு. அந்தப் பொண்ணு வீட்டுக்குப் போறப்ப சிரிச்சுட்டுதான் போகும். நானும் அப்படித்தான் சிரிச்சேன் ஒரு காலத்துல.

நீங்க இங்க கவுன்சிலரா வந்து ரெண்டு வாரம்தானே, அதான் தெரியல. நம்ம கூட்டத்துல அவருக்குப் பேரே எட்டுமணி. மாசத்துக்கு ஒரு தடவை இந்தக் கட்டடத்துக்குப் பின்னாடி ஒரு ஹால்ல கூடுவோம்ல, அந்தக் கூட்டம். அதுல இருக்குற நாப்பது பேருக்கும் இவருதான் அலாரம். எட்டு மணியானா சொன்ன பேச்சு கேக்குறவங்களுக்கு மெசேஜ் போகும், அடம் பிடிக்கிறவங்களுக்கு போன் போகும். பெரிய பேச்சு ஒண்ணும் இருக்காது. போட்டாச்சா? போட்டாச்சு. சரி, சாப்பிட்டு படு. ஒருத்தர் வேலை பாக்குற எடத்துல தெரிஞ்சுடுமேன்னு பயந்தாருன்னு, அவருக்கு மட்டும் மெக்கானிக் மாதிரி பேசுவாரு. வண்டிக்கு ஆயில் ஊத்தியாச்சாண்ணேன்னு கேப்பாரு. அந்தப் பக்கம் இருந்து ஊத்தியாச்சுப்பான்னு பதில் வரும். எனக்கு சிரிப்பு தாங்காது.

அந்த ஆளுதாங்க என்னை ஏமாத்தினாரு. பொம்பளை விஷயம் இல்ல. எல்லாரும் முதல்ல அதைத்தான் நினைப்பாங்க. அது மாதிரி இருந்திருந்தா நாலு வார்த்தை கேட்டுட்டு வெளியில வந்திருப்பேன். இது எதுல சேத்தின்னே எனக்குத் தெரியல. இவரு கூட இருக்கறதா வேணாமான்னு முடிவு பண்ண முடியாமத்தான் மூணு மாசமா அல்லாடுறேன்.

முதல்லேருந்து சொல்றேன். நேரம் இருக்குல்ல உங்களுக்கு?

எனக்கு இவரு ரெண்டாவது. முதல் ஆளுக்குத் தனக்கு எச்.ஐ.வி. இருக்குன்னு தெரியும், தெரிஞ்சேதான் என்னைக் கட்டிக்கிட்டாரு, கட்டிக்கிட்டு ஒரு வார்த்தை சொல்லல. அவரு படுத்த படுக்கையானப்பறம் ஆஸ்பத்திரியில ஒரு நர்ஸம்மா, நீயும் டெஸ்ட் எடுத்துட்டியாம்மான்னு கேட்டப்பதான் எனக்கு விஷயமே தெரிஞ்சுது. எதுக்கு டெஸ்ட்டுன்னு கேட்டேன். அந்தம்மா முகம் போன போக்கு இன்னும் கண்ணுல நிக்குது. அவரு போய்ச் சேந்த மறு வாரம் மாமியார் என் சாமானையெல்லாம் மூட்டை கட்டி வாசல்ல வச்சாங்க. பையன் போனது கூட அவங்களுக்குப் பெருசில்ல, நான் தொட்ட பாத்திரந்தான் பெருசு.

அதுக்கப்பறம் இந்தக் கூட்டத்துக்கு வந்தேன். இவரு அப்பவே எட்டுமணிதான். ரொட்டிக் கம்பெனியில வேன் ஓட்டுறாரு, அவரு உள்ள வந்தாலே ஹால் பூரா ரொட்டி வாசனை அடிக்கும். உங்களுக்கு முன்னாடி இருந்த மேடந்தான் எங்க ரெண்டு பேரையும் பேச வச்சாங்க. ஊருல மத்தவங்களுக்குப் பொருத்தம் பாக்கறது வேற மாதிரி. எங்களுக்கு ரெண்டு பேரு ரிப்போர்ட்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாத்தாங்க. ரெண்டுலயும் கிருமி கண்ணுக்குத் தெரியாத அளவு. பொருத்தம் பிரமாதம்னு சொல்லிட்டாங்க. நான் ஒண்ணே ஒண்ணுதான் கேட்டேன் அவருகிட்ட. எதை வேணா பண்ணுங்க, என்கிட்ட ஒளிக்காதீங்க. ஒரு தடவை பட்டுட்டேன், இன்னொரு தடவை தாங்கமாட்டேன். அவரு என் கையப் புடிச்சுக்கிட்டு சொன்னாரு, தினமும் எட்டு மணிக்கு எதிரெதிரே உக்காந்து மாத்திரை போடுவோம், நீ என்னைப் பாரு, நான் உன்னைப் பாக்குறேன், இதுல ஒளிக்கறதுக்கு எங்க எடம்னு. அதுதான் எங்க கல்யாணம். மத்ததெல்லாம் பேப்பருல போட்ட கையெழுத்து.

ஏழு வருஷம் அப்படித்தான் உக்காந்தோம். அடுப்புப் பக்கத்துல ஒரு சின்ன மேஜை, ரெண்டு ஸ்டூலு. ரெண்டு டம்ளர் தண்ணி. பாட்டிலு ரெண்டும் பருப்பு டப்பாவுக்குப் பின்னாடி, மேல ஒட்டுன காகிதத்தைக் கிழிச்சுட்டு வச்சிருப்போம், யாராவது வந்தா தெரியக்கூடாதுன்னு. பையில எடுத்துட்டுப் போறப்ப கலகலன்னு சத்தம் வராம இருக்க உள்ள பஞ்சு அடைச்சிருப்போம். நம்ம ஆளுங்க எல்லாருக்கும் தெரிஞ்ச வித்தைதான் அது. எட்டு அடிச்சதும் அவரு வாயில போடுவாரு, நான் வாயில போடுவேன், ஒண்ணா தண்ணி குடிப்போம். ரெண்டு டம்ளரையும் எடுத்துட்டு அவரு பின்னாடி கழுவப் போயிடுவாரு. என்னைக் கழுவ விடமாட்டாரு. நான் உக்காந்து காலை நீட்டிக்குவேன்.

எப்படித் தூங்குறேன்னா? தூங்குறேன், நல்லாத்தான் தூங்குறேன். அதுக்கு வரேன், நான் சொல்லி முடிச்சுடறேன் மேடம், அப்புறம் நீங்க வரிசையா கேளுங்க.

நான் சலவைக் கம்பெனியில இருக்கேன். ஓட்டலு துணி, ஆஸ்பத்திரி துணி, ஆபீஸ்காரங்க துணின்னு மலை மலையா வரும். நான் பிரிக்கிற மேஜை. வெள்ளை தனி, கலரு தனி, கறை தனி. அதுக்கெல்லாம் முன்னாடி பாக்கெட்டு. ஒரு பேனா மெஷினுக்குள்ள போச்சுன்னா ஒரு லோடு சட்டை பூரா நீலமாயிடும், அன்னைக்கு எங்க மேஸ்திரி ஆடுற ஆட்டம் இருக்கே, பாக்க கண்ணு வேணும். அதனால கை தானா போயிடும். சட்டை மேல் பாக்கெட்டு, பேண்ட்டு வலது, இடது, பின்னாடி ரெண்டு. என்னென்ன எடுத்திருக்கேன்னு கேளுங்க. சாவி, பல்லு செட்டு, இன்னொரு வீட்டுக்காரிக்கு எழுதின கடுதாசி, ஒரு தடவை அவிச்ச முட்டை, ஓடு உடையாம. எடுத்து பேரு எழுதி ஒரு கவருல போட்டு வச்சுடுவேன். மனுஷங்க வாயத் தொறந்து சொல்லாததை எல்லாம் பாக்கெட்டுல வச்சுட்டு மறந்துடுவாங்கன்னு எங்க மெஷின் ஓட்டுற அக்கா சொல்லும்.

ஆனா பாருங்க, வீட்டுல எங்க வீட்டுக்காரரு துணிய நான் தொட்டதே இல்ல. தொட விடமாட்டாரு. நீ நாள் பூரா அடுத்தவன் துணியில கெடக்குற, வீட்டுக்கு வந்தும் என் துணியில கெடக்கணுமான்னு, அவரு துணிய அவரே துவைச்சுக்குவாரு. சட்டை பேண்ட்டு எல்லாம். இதை நான் கம்பெனியில சொல்லாத நாளில்ல. அந்த அக்கா தலையில அடிச்சுக்கும், எங்கடி புடிச்ச அந்த ஆளைன்னு. எனக்கு அப்படியே மெதப்பா இருக்கும். அங்க யாருக்கும் நம்ம விஷயம் தெரியாது, அதனால எங்க புடிச்சேன்னு சொல்லவும் முடியாது.

போன வருஷக் கடைசியில அவரு ரிப்போர்ட்டுல கிருமி ஏறியிருந்துச்சு. டாக்டர் கேட்டாரு, மாத்திரை விட்டுப் போச்சான்னு. இவரு சிரிச்சாரு. என்னைப் போயி கேக்கறீங்களேன்னு. பாட்டில்ல மிச்ச மாத்திரைய எண்ணினாங்க, கணக்கா இருந்துச்சு. மருந்து வேலை செய்யல போல இருக்குன்னு வேற மருந்து மாத்தினாங்க. திரும்ப எடுத்தாங்க, இன்னும் ஏறிடுச்சு. அப்ப டாக்டர் என்னைத் தனியா கூப்பிட்டு, அவரு நிஜமாவே விழுங்குறாரா, நீங்க பாத்தீங்களான்னாரு.

நான் சண்டை போட்டேன் மேடம். இந்த ரூமுக்கு எதிர் ரூமுல, கதவு தொறந்திருந்துச்சு, வெளியில எல்லாரும் கேட்டாங்க. ஏழு வருஷமா என் கண்ணு முன்னாடி போடுறாரு, என் கண்ணு பொய்யா, உங்க மெஷின்தான் பொய்யி, யாரோ ரத்தத்தை இவரு பேருல ஒட்டிட்டீங்க, ஊரெல்லாம் ஒழுங்கா இருக்கறதே இந்த மனுஷனாலதான்னு கத்தினேன். டாக்டர் கண்ணாடியக் கழட்டித் தொடச்சாரு. நான் வெளியில வந்து பாக்கறேன், இவரு தலைய குனிஞ்சுக்கிட்டு உக்காந்திருக்காரு. என் மேல அப்படி ஒரு பாசத்துல கண்ணு கலங்கிடுச்சுன்னு நினைச்சேன். எவ்வளவு முட்டாளா இருந்திருக்கேன் பாருங்க.

அதுக்கப்பறம் ரெண்டு வாரம் இருக்கும். அவருக்குக் காய்ச்சல். உடம்பு நெருப்பா கொதிக்குது, எந்திரிக்கக்கூட முடியல. வேர்வையில சட்டை பேண்ட்டு எல்லாம் நாறிப் போச்சு. கழட்டிட்டு வேற மாத்தி விட்டேன். வாளியில சோப்புத் தண்ணி கலக்கினேன். பேண்ட்டை எடுத்தேன். நான் எதையும் தேடல மேடம், சந்தேகமும் படல. இதை நீங்க நம்பணும். கை தானா போச்சு. பன்னெண்டு வருஷப் பழக்கம். வலது பாக்கெட்டுல ஒரு காகிதப் பொட்டலம். பிரிச்சா, மாத்திரை. நாலு மாத்திரை, எச்சில்ல ஊறி ஒண்ணோட ஒண்ணு ஒட்டிக்கிட்டு, பாதி கரைஞ்சு. டாக்டர் புதுசா மாத்திக் குடுத்த அதே கலருதானே, தினமும் எதிர்ல பாக்குறவளுக்குத் தெரியாதா?

வாளிக்குப் பக்கத்துல அப்படியே உக்காந்துட்டேன். எவ்வளவு நேரம்னு தெரியல, சோப்பு நுரை பூரா அடங்கிப் போச்சு. மனசு என்ன பண்ணுச்சு தெரியுமா? ஏழு வருஷத்தையும் எடுத்துக் கொட்டி ஒண்ணொண்ணா பாக்குது. டம்ளர் கழுவப் போறது பாசம்னு நினைச்சேனே, அது துப்பறதுக்கு. துணிய அவரே துவைக்கிறது பாசம்னு ஊரெல்லாம் சொன்னேனே, அது என் கைக்குப் பயந்து. என் தொழில் என்னன்னு தெரிஞ்சு, அதுக்கு ஏத்த மாதிரி ஏமாத்தியிருக்காரு. முதல் ஆளு சொல்லாம ஏமாத்தினாரு, அது ஒரு ரகம். இவரு எதிர்ல உக்காந்து, என் கண்ணைப் பாத்துக்கிட்டே, கன்னத்துல அடக்கி வச்சு ஏமாத்தியிருக்காரு. என் மேல காட்டுன அன்பையெல்லாம் இனிமே எந்த பாக்கெட்டுல கை விட்டுப் பாக்கறது?

கேட்டேன். கேக்காம? காய்ச்சல் எறங்கட்டும்னு ரெண்டு நாள் பொறுத்துக் கேட்டேன். பொட்டலத்தை மேஜையில வச்சேன், எட்டு மணிக்கு. அவரு அதைக் கையால மூடிக்கிட்டாரு. எத்தனை நாளான்னு கேட்டதுக்கு, ஒன்றரை வருஷம்னாரு. தினமும் இல்லையாம். முடிஞ்ச நாளு விழுங்குவாராம்.

ஏன்னு கேட்டேன். உங்களுக்குப் புரியும், நீங்க படிச்சிருக்கீங்க, எனக்குத்தான் அப்ப புரியல. சொல்றாரு, மாத்திரைய உள்ள தள்ளுறப்ப தொண்டை அடைச்சுக்குதாம். தினமும் ஒரு தடவை, நான் நோயாளிதான்னு கையெழுத்து போடுற மாதிரி இருக்காம். நெஞ்சு படபடன்னு அடிச்சுக்குமாம், வேனை ஓரமா நிறுத்திட்டு ஸ்டியரிங்கைப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருப்பாராம், ரொட்டி லேட்டாச்சுன்னு கடைக்காரங்க திட்டுற வரைக்கும். இதயத்துல கோளாறோன்னு என்கிட்ட சொல்லாம ரெண்டு தடவை போயி ஈ.சி.ஜி. எடுத்திருக்காரு. ஒண்ணும் இல்லன்னுட்டாங்க. கூட்டத்துல ஒரு பெரியவரு இறந்தாரு, தினமும் இவரு போன் பண்ணி, ஒரு நாள் விடாம போட்டவரு. வேற நோயிலதான் போனாரு. ஆனா இவருக்கு அன்னைலேருந்து, நான் சொல்றதெல்லாம் பொய்யோ, நாப்பது பேருக்கும் பொய் சொல்றேனோன்னு ஆயிடுச்சாம். சரி, இதை யாருகிட்டயாவது சொல்லக்கூடாதா, என்கிட்ட சொல்லக்கூடாதான்னேன். பயப்படுறவங்க எல்லாரும் என்கிட்டதானே வராங்க, நான் யாருகிட்ட போறதுன்னு கேட்டாரு.

அது நியாயந்தான். எனக்கும் அழுகை வந்துச்சு. ஆனா நியாயமா இருந்தா வலிக்காதா என்ன?

நீங்க கையில வச்சிருக்கீங்களே, அந்தக் கேள்வித்தாளு, மனசு எப்படி இருக்கு, தூக்கம் எப்படி, வாழப் பிடிக்கலன்னு தோணுதான்னு. அது அவருக்கும் வருஷா வருஷம் குடுத்தாங்களாம். குடுத்தாங்கன்னா என்ன, கூட்டம் அதிகமா இருந்தா பழைய மேடம் இவரு கையிலயே ஒரு கட்டு குடுத்து, நீங்களே எல்லாருகிட்டயும் கேட்டு நிரப்பிடுங்க, உங்களுதையும் சேத்து நிரப்பிடுங்கன்னுடுவாங்க. எதுக்கு என்ன பதில் சொன்னா மனநல டாக்டர்கிட்ட அனுப்புவாங்கன்னு இவருக்கு அத்துப்படி. தனக்கு எல்லாத்துலயும் இல்லை, இல்லை, இல்லைன்னு போட்டுட்டாரு. நான் அந்த மேடத்தைக் குத்தம் சொல்லல. நல்லவங்கதான். நாங்க எல்லாருமே அவரு மேல சாஞ்சுக்கிட்டோம், அவருக்கு முதுகு இருக்கான்னு யாரும் பாக்கல. நானும்தான்.

அதுக்கப்பறம் மனநல டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போனேன். படபடப்புக்கு மருந்து குடுத்தாங்க, வாரம் ஒரு தடவை பேச வச்சாங்க. எட்டு மணி மாத்திரைய நான் ஊட்டாத குறைதான். டார்ச்சு லைட்டு அடிச்சுப் பாப்பேன் வாய்க்குள்ள. நாக்கைத் தூக்கு, கன்னத்தை இழு. சின்னப் பிள்ளை மாதிரி காட்டுவாரு. சிரிச்சுக்கிட்டேதான் பண்ணோம், வெளியில இருந்து பாத்தா வெளையாட்டுன்னு நினைப்பாங்க. டம்ளரை நான்தான் கழுவினேன். துணிய நான்தான் துவைச்சேன். அவரு கொஞ்சம் கொஞ்சமா தேறினாரு. வேன்ல பாட்டு போட ஆரம்பிச்சுட்டாரு. எனக்கு மட்டும் எட்டு மணி கிட்ட வந்தாலே கை சில்லுன்னு ஆயிடும். டம்ளர் மேஜையில வைக்கிற சத்தம் கேட்டா நெஞ்சு எகிறும். அதெல்லாம் அவரு கவனிக்கல. தேறிட்டு வர்ற மனுஷன், அவரை என்ன சொல்றது.

இல்ல, என்னைப் பத்தி நான் யாருகிட்டயும் சொல்லல. யாரும் கேக்கல.

அப்புறம் போன மாசக் கூட்டம். ஹால் நெறைய ஆளு. புதுசா ஏழெட்டு பேரு வந்திருந்தாங்க. இவரை எழுந்திரிச்சுப் பேசச் சொன்னாங்க. நான் மூணாவது வரிசையில உக்காந்திருக்கேன். இன்னைக்காவது நிஜத்தைச் சொல்லுவாரு, நானும் விழுந்தேன், எந்திரிச்சேன், விழுந்தா வெக்கமில்லன்னு சொல்லுவாருன்னு எனக்கு ஒரு ஆசை. சொல்லியிருந்தா அந்த நிமிஷமே எல்லாத்தையும் மன்னிச்சிருப்பேன், சத்தியமா. அவரு மைக்கைப் புடிச்சாரு. நானும் என் வீட்டுக்காரியும் ஏழு வருஷமா எதிரெதிரே உக்காந்து மாத்திரை போடுறோம், ஒரு நாள்கூட விட்டதில்ல, வேணும்னா அவளையே கேளுங்கன்னாரு. எல்லாரும் திரும்பி என்னைப் பாத்தாங்க.

நான் தலைய ஆட்டினேன். ஆமான்னு. வேற என்ன பண்றது, ஏழெட்டு பேரு புதுசு, அழுத மூஞ்சியோட உக்காந்திருக்காங்க. கை தட்டினாங்க. எனக்கும் சேத்துதான் தட்டினாங்க.

வீட்டுக்கு வர்ற வழியெல்லாம், இன்னைக்கு நல்லா பேசினேன்லன்னு கேட்டுக்கிட்டே வந்தாரு. நல்லா பேசினீங்கன்னேன்.

அன்னைக்கு எட்டு மணிக்கு உக்காந்தோம். அவரு போட்டாரு, முழுங்கினாரு, நான் கேக்காமலே வாயத் தொறந்து காட்டினாரு. காட்டிட்டு போனை எடுத்து அவங்க அவங்களுக்குப் பண்ண ஆரம்பிச்சாரு. நான் என் மாத்திரைய வாயில போட்டேன். தண்ணி குடிச்சேன். அது கன்னத்துலயே இருந்துச்சு. எவ்வளவு லேசுன்னு பாக்கணும்னு தோணுச்சு, அந்த ஒரு நாளைக்குத்தான், வேற ஒண்ணும் நினைக்கல. பின்னாடி போயி டம்ளர் கழுவுற எடத்துல துப்பிட்டு வந்தேன். ரொம்ப லேசு மேடம். கொஞ்சம் கசக்கும், அவ்வளவுதான். மறுநாள் அவரு கண்டுபிடிக்கறாரா பாப்போம்னு பண்ணினேன். அதுக்கடுத்த நாள், கண்டுபிடிக்க மாட்டாரான்னு.

முப்பத்தெட்டு நாளாச்சு. அதான் ரத்தம் குடுக்கல.

தெரியும் மேடம். விட்டு விட்டுப் போட்டா மருந்து கேக்காம போயிடும்னு, கிருமி திரும்ப எழுந்திரிக்கும்னு, எல்லாம் தெரியும். நாப்பது பேருக்கு அவரு சொல்றதை ஏழு வருஷமா பக்கத்துல உக்காந்து கேட்டவ நான். சாகணும்னு இல்ல. அப்படி எழுதாதீங்க. எதிர்ல ஒரு முழம் தள்ளி உக்காந்திருக்காரு, நான் வாய மூடிக்கிட்டு உக்காந்திருக்கேன், பேச்சுக் குடுத்தா ம், ம்னு மட்டும் சொல்றேன். அவருக்குத் தெரியாத வித்தையா இது? ஆனா அவரு என்னைப் பாக்கறதில்ல. போனைப் பாத்துக்கிட்டு, போட்டாச்சா, போட்டாச்சா, வண்டிக்கு ஆயில் ஊத்தியாச்சான்னு வரிசையா கேட்டுட்டு வராரு. நான் எதிர்ல இருக்கேன்ல, அதனால என்னைக் கேக்கணும்னு தோணல போல. ஏழு வருஷத்துல ஒரு நாள்கூட கேட்டதில்ல.

இன்னைக்கே மாத்திரை ஆரம்பிக்கச் சொல்றீங்க, அதானே? ஆரம்பிக்கறேன். ரத்தமும் குடுக்கறேன், அந்தப் பொண்ணைக் கூப்பிடுங்க, இடது கையில எடுக்கச் சொல்லுங்க. டாக்டர்கிட்டயும் நானே சொல்றேன். ஒரே ஒரு உதவி பண்ணுங்க. வெளியில போயி அவருகிட்ட, உங்க வீட்டம்மாவையும் ஒரு தடவை கேளுங்கன்னு மட்டும் சொல்லுங்க. எதுக்குன்னு சொல்லிடாதீங்க. அவரு உள்ள வந்து, என் மூஞ்சியப் பாத்து, போட்டாச்சான்னு கேக்கட்டும். கேட்டா நான் பொய் சொல்லமாட்டேன்.